கோடும் காமிராவும்

லண்டன் சரித்திரம் என்றால் டவர், பாராளுமன்றம், ஸென்ட் பால் தேவாலயம் என்று அடுக்கிக்கொண்டு போகிறவர்கள் நிறைய உண்டு. ஜெஃப்ரி ஃப்ளெட்சர் அந்த வகை அல்ல. அடிப்படையில் ஓவியர். 1962இல் வெளிவந்த ‘யாருக்கும் தெரியாத லண்டன்’ என்ற அவருடைய புத்தகம் கேஸ் விளக்குகள், பொதுக் கழிப்பறைகள், ம்யூஸிக் ஹால்கள், தெருச் சந்தைகள் என்று வேறொரு நகரத்தைத் தேடிப் போகிறது. சித்திரங்களும் அவர் போட்டவையே. எதிர்ப்பையெல்லாம் மீறி யூஸ்டன் ரயில் நிலையத்தின் முகப்பு வளைவை இடித்துக்கொண்டிருந்த சமயம் அது. இடிக்கப்போகிறார்கள் என்ற பிறகே ஜனங்கள் ஒரு கட்டிடத்தை நிமிர்ந்து பார்க்கிறார்கள். ஃப்ளெட்சர் முன்பே பார்த்துவைத்தார்.

புத்தகத்தை வைத்து 1967இல் நார்மன் கோஹென் ஒரு டாக்குமென்டரி எடுத்தார். சுமார் முக்கால் மணி நேரம். கூட்டிப் போகிறவர் ஜேம்ஸ் மேஸன். ஹட்டர்ஸ்ஃபீல்டில் பிறந்து ஹாலிவுட் போய்வந்த நடிகர். ஹோல்பர்ன் கழிப்பறையின் கண்ணாடித் தொட்டியில் தங்கமீன்களைக் காட்டுகிறார். கேம்டன் டவுனில் பாழடைந்த பெட்ஃபோர்ட் ம்யூஸிக் ஹாலுக்குள் நிற்கிறார். மேரி லாய்ட் பாடிய, வால்டர் ஸிக்கர்ட் திரும்பத் திரும்பத் தீட்டிய பெயர் அது. 1969இல் அந்தக் கட்டிடமும் போயிற்று. ஹான்பரி தெரு 29ஆம் எண் வீட்டில், 1888இல் ஆனி சாப்மன் கொலையுண்டு கிடந்த இடத்தைப் பார்க்கிறோம். எத்தனையோ புத்தகங்களுக்குத் தீனிபோட்ட கொலை. இடமோ வெறும் கொல்லைப்புறம். (இடையில் முட்டை உடைக்கும் தொழிற்சாலையை வைத்துச் செய்கிற கோமாளித்தனத்தை மன்னிப்பது கஷ்டம். கோஹென் 1971இல் ‘டாட்ஸ் ஆர்மி’ எடுத்தவர் என்பதை நினைத்துச் சமாதானம் கொள்ளலாம்.)

கோட்டுச் சித்திரத்துக்கு ஒரு சௌகரியம் உண்டு. வேண்டாததை விட்டுவிடலாம். விரிசல் விட்ட சுவர், துருப்பிடித்த கம்பி எல்லாமே பேனா முனையில் வசீகரம் கொண்டுவிடும், வறுமைகூட. ஃப்ளெட்சருடைய ரசனையில் எனக்கு இருக்கிற சந்தேகம் இதுதான். பழையதன் மீதான அவருடைய காதல் மெய்யானது. ஆனால் அந்தப் பழையதற்குள் யார் குளிரில் கிடந்தார்கள் என்ற கேள்வியைக் கோடு கேட்பதில்லை.

காமிராவுக்கு அந்தச் சௌகரியம் கிடையாது. ஸால்வேஷன் ஆர்மி விடுதியில் வீடற்ற கிழவர்கள் மேஸனிடம் பேசும்போது படம் புத்தகத்தின் பிடியிலிருந்து நழுவுகிறது. சவரம் செய்யாத முகம், யோசித்து யோசித்து வரும் பேச்சு. இங்கே ரசிப்பதற்கு ஒன்றுமில்லை. மேஸனின் கனவான் குரலும் தணிந்துவிடுகிறது. இது திட்டமிட்டு வந்ததாக நான் நினைக்கவில்லை. கட்டிடங்களுக்காக இரங்க வந்த படம், ஆட்கள் எதிரே உட்கார்ந்ததும் என்ன செய்வதென்று தெரியாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது. அந்தப் பார்வைதான் இந்தப் படத்தில் சரித்திரம் என்று நான் ஒப்புக்கொள்ளும் பகுதி.

பெட்ஃபோர்டுக்காவது ஸிக்கர்ட் இருக்கிறார். இந்தக் கிழவர்களுக்கு இந்தச் சில நிமிஷம்தான். அதற்குள் மேஸன் எழுந்து அடுத்த தெருவுக்குப் போய்விடுகிறார்.