உடுப்புக்குள் ஒரு கம்பி



நம் வீடுகளில் பாட்டிமார் 'பாடி' என்றும் 'பாடீஸ்' என்றும் வழங்கிய ஓர் உடுப்பு உண்டு. இன்று கடைக்காரர் அதனைப் 'பிரா' என்பர். ஆங்கிலேயர் 16ஆம் நூற்றாண்டின் இறுதியில், மேலுடம்பை இறுகப் பிடிக்கும் உள்ளுடையை 'ஒரு சோடி பாடிகள்' என்று அழைத்தனர். இரண்டு பாதிகளாகத் தைத்து நாடாவால் பிணைக்கப்பட்டமையே அப்பெயருக்குக் காரணம். அப்பன்மைச் சொல் நாளடைவில் 'பாடிஸ்' என்ற ஒருமைப் பெயராகி, கப்பலேறி நம் தையற்கடைக்கும் வந்து சேர்ந்தது. அவ்வுடுப்பின் துணியைப் பற்றி இன்று நான் பேசப்போவதில்லை. துணிக்குள் செருகப்படும் விறைப்பான பொருளைப் பற்றியும், அது துணியைக் கிழித்து வெளியே வருவதைப் பற்றியுமே பேச எண்ணுகிறேன்.

இதனை வானொலியில் பேசலாமா என்று நண்பர் ஒருவர் தயங்கினார். நான் தலைமையாசிரியனாக இருந்த காலத்தில், விளையாட்டு மணியின்போது ஒரு மாணவி விலாவைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். வயிற்றுவலி என்று கருதி மருந்து கொடுத்தோம். தையலாசிரியை தனியே அழைத்து விசாரித்த பின்னரே, உள்ளுடையின் கம்பிமுனை ஒன்று வெளிவந்து தோலைக் கீறிப் புண்ணாக்கியிருந்தமை தெரிந்தது. ஊசியும் நூலும் கொண்டு பத்து நிமிடத்தில் தீர்க்கக்கூடிய துன்பத்தை, கேட்க நாணி, அவள் மூன்று நாள் பொறுத்திருந்தாள். அன்று முதல் இப்பொருளைப் பேசுவதில் எனக்குத் தயக்கம் இல்லை.

இனி வரலாற்றுக்கு வருவோம். இங்கிலாந்தின் அரசி முதலாம் எலிசபெத் 1603இல் காலமானார். அவருடைய இறுதி ஊர்வலத்துக்காகச் செய்யப்பட்ட உருவத்துக்கு அணிவித்த 'சோடி பாடிகள்' இன்றும் வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தில் பாதுகாக்கப்பட்டு வருகின்றது. துணியின் இரண்டு அடுக்குகளுக்கு இடையே நெருக்கமாகத் தையலோட்டி, அதனால் உண்டான குறுகிய பட்டிகளில் 'திமிங்கில எலும்பு' எனப்படும் கீற்றுகளைச் செருகியிருக்கின்றனர். பாவாடையில் நாடா கோக்கும் பட்டியை நினைத்துக்கொண்டால் அமைப்பு விளங்கும்.

திமிங்கில எலும்பு என்பது பெயரளவில்தான் எலும்பு. சிலவகைத் திமிங்கிலங்களுக்குப் பற்கள் இல்லை. மேல்தாடையிலிருந்து சீப்புப்போல் தொங்கும் தகடுகளால் அவை கடல்நீரை வடிகட்டிச் சிற்றுயிர்களை உண்கின்றன. அத்தகடுகள் நம் நகமும் ஆட்டின் கொம்பும் ஆன அதே பொருளால் ஆனவை. நீளவாக்கில் மெல்லிய கீற்றுகளாகப் பிளக்கலாம், சூடு காட்டி வளைத்தால் வளைந்தபடி நிற்கும், வளைத்து விட்டால் மீளும், துருப்பிடிப்பதில்லை. செயற்கைப் பிளாஸ்டிக் தோன்றுவதற்கு முந்திய உலகில் இத்தனை குணங்களும் ஒருங்கே அமைந்த பொருள் வேறொன்று அரிது.

வடதுருவக் கடலில் உள்ள ஸ்பிட்ஸ்பெர்கன் தீவுகளை டச்சு மாலுமி வில்லெம் பாரென்ட்ஸ் 1596இல் கண்டறிந்தார். அடுத்த நூற்றாண்டில் டச்சுக்காரரும் ஆங்கிலேயரும் அங்கே திமிங்கில வேட்டைக்குப் போட்டியிட்டனர். விளக்கெரிக்க எண்ணெயும், மேன்மக்கள் உடுப்புக்கு இந்தத் தகடும் அங்கிருந்து வந்தன. வில்தலைத் திமிங்கிலம் என்னும் இனத்தின் தகடு நான்கு மீட்டர் நீளம் வரை வளரும். அந்நீளமே அவ்வினத்துக்கு எமனாயிற்று.

இக்கீற்றுகளை வெட்டி, செருகி, தடித்த துணியில் ஊசியேற்றித் தைப்பது வலிய கைகளுக்குரிய வேலையாகக் கருதப்பட்டமையால், 18ஆம் நூற்றாண்டில் இத்தொழிலைப் பெரும்பாலும் ஆண்களே செய்தனர். அவர்களுள் ஒருவரை நீங்கள் வரலாற்றுப் பாடத்தில் சந்தித்திருப்பீர்கள். 1776இல் வெளியான சிறு நூலால் அமெரிக்க மக்களை விடுதலைக்குத் தூண்டிய தாமஸ் பெயின், இளமையில் இத்தொழில் கற்றவர். அவர் தந்தையும் இதே தொழிலாளர். 1759இல் கென்ட் மாநிலத்துச் சாண்ட்விச் ஊரில் பெயின் சொந்தக் கடையும் வைத்திருந்தார். பிற்காலத்தில் அவருடைய பகைவர் இதனையே ஏளனத்துக்குப் பயன்படுத்தினர். கில்ரே என்னும் கேலிச்சித்திரக்காரர் 1793இல் வரைந்த படத்தில், பிரிட்டானியா என்னும் பெண்ணுருவின் உடுப்பு நாடாவைப் பெயின் காலால் உதைத்துக்கொண்டு இறுக்குகிறார். உழைத்துப் பிழைத்ததை இழிவென்று கருதியவர்களின் சிறுமையைத்தான் அப்படம் இன்று நமக்குக் காட்டுகிறது.

கீற்றின் முனை துணியைத் துளைக்கும் தொல்லை அந்நாளிலேயே இருந்தது. நடக்கும்போதும் குனியும்போதும் உடல் வளைய, உள்ளிருக்கும் கீற்று பட்டியின் இரு முனைகளிலும் மாறி மாறி இடிக்கும். பல மாத இடிப்பில் துணி நைந்துவிடும். இதற்கு அக்காலத் தொழிலாளர் கண்ட மாற்று மிக எளியது. 18ஆம் நூற்றாண்டில் கீழ்விளிம்புக்கு மெல்லிய தோலை மடித்துத் தைத்தனர். 19ஆம் நூற்றாண்டில் 'கார்செட்' என்ற பெயர் பரவிய பின்னர், ஒவ்வொரு பட்டியின் முனையிலும் பட்டு நூலால் விசிறி போலவும் அம்பு போலவும் நெருக்கமாகத் தையலிட்டனர். அருங்காட்சியகத்தில் அதனைக் காண்போர் வெறும் பூவேலை என்று எண்ணக்கூடும். கீற்றை நகரவிடாமல் பிடித்துவைத்து, முனையில் துணியைத் தடிப்பாக்குவதே அப்பூவேலையின் முதற்பணி. அழகு பின்னர் வந்து ஒட்டிக்கொண்டது.

மற்றொரு பாதுகாப்பும் இருந்தது. கார்செட்டை வெற்றுடம்பில் அணிவதில்லை. உள்ளே ஒரு மெல்லிய சட்டை இருக்கும். வியர்வையை அது ஏற்கும். வெளுப்புக்குப் போவதும் அதுவே. இன்றைய பிராவோ தோலை ஒட்டியே அணியப்படுகிறது, அடிக்கடி துவைக்கப்படுகிறது. கம்பித் தொல்லை நம் காலத்தில் மிகுந்தமைக்கு இவ்வேறுபாடே பெருங்காரணம் என்பது என் கருத்து.

கார்செட் உடலுக்குக் கேடு என்ற குரலும் பழமையானதே. ஜெர்மானிய உடற்கூற்று அறிஞர் சோமெரிங் 1788இலேயே இதுபற்றி நூல் எழுதினார். 1881இல் லண்டனில் அறிவுக்கொத்த உடைக்கான சங்கம் ஒன்று தோன்றிற்று. நாகரிகம் எளிதில் செவிசாய்க்கவில்லை. ஆனால் மூலப்பொருள் தீர்ந்துகொண்டு வந்தது. 1848இல் அமெரிக்கக் கப்பல் ஒன்று பேரிங் நீரிணையைக் கடந்து புதிய வேட்டைக்களம் கண்டது. 1871இல் அங்கே 33 கப்பல்கள் பனிக்கட்டியில் சிக்கிக் கைவிடப்பட்டன. அவற்றிலிருந்த ஆயிரத்து இருநூறுக்கு மேற்பட்டோரும் உயிர் பிழைத்தது வியப்பே. மண்ணெண்ணெய் வந்து திமிங்கில எண்ணெயின் விலை வீழ்ந்த பின்னரும் வேட்டை நின்றபாடில்லை. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தகடு ஒரு பவுண்டு எடை ஏறத்தாழ 5 டாலர் விற்றது. எனவே தகட்டை மட்டும் வெட்டி எடுத்துக்கொண்டு, மலைபோன்ற உடலைக் கடலிலேயே தள்ளிவிட்டனர். 1931இல் கையெழுத்தான பன்னாட்டு ஒப்பந்தமே இவ்வினத்தை வணிக வேட்டையிலிருந்து காக்க முற்பட்டது. ஸ்பிட்ஸ்பெர்கன் பக்கத்துக் கடலில் இன்று எஞ்சியிருப்பவை சில நூறே.

விலை ஏற ஏற, மாற்றுப் பொருளைத் தேடும் முயற்சியும் ஓங்கிற்று. அமெரிக்காவில் வார்னர் என்னும் மருத்துவச் சகோதரர் இருவர், மெக்சிகோவின் கற்றாழை வகை நாரினால் 'கோரலைன்' என்னும் கீற்றைச் செய்தனர். மிச்சிகன் மாநிலத்து வாரன் என்னும் வணிகர் 1883இல் வான்கோழி இறகின் தண்டைப் பிளந்து 'இறகெலும்பு' செய்தார். இறுதியில் வென்றது எஃகு. எஃகு மலிவு, ஆனால் வியர்வை பட்டால் துருவேறும், துரு துணியைக் கறையாக்கி அரிக்கும், அரித்த இடத்தில் முனை வெளிவரும். 'துருப்பிடிக்காத கார்செட்' என்று நிறுவனங்கள் விளம்பரம் செய்ததற்கு இதுவே காரணம். குடையின் வரலாறும் இவ்வாறே சென்றது. திமிங்கிலக் கீற்றுக் குடைக்குப் பதிலாக, 1852இல் ஷெபீல்டு அருகே சாமுவேல் பாக்ஸ் எஃகுக் கம்பிக் குடையைக் கொண்டுவந்தார்.

பாரிசில் எர்மினி கடோல் என்னும் அம்மையார் 1889 அளவில் கார்செட்டை இரண்டாகப் பிரித்து, மேற்பகுதி தோளிலிருந்து தொங்குமாறு செய்தார். அமெரிக்காவில் மேரி டூசெக் என்பவர் 1893இல் பெற்ற காப்புரிமையில், மார்பின் கீழே தாங்கும் வளைந்த தகடு ஒன்று கூறப்படுகிறது. இன்றைய கம்பிக்கு அதுவே பாட்டி எனலாம். பின்னர் நியூயார்க்கைச் சேர்ந்த மேரி பெல்ப்ஸ் ஜேக்கப் என்னும் இளம்பெண், ஒரு விருந்துக்கு மெல்லிய உடை அணிந்தபோது, கார்செட்டின் கீற்றுகள் துருத்திக்கொண்டு வெளியே தெரிவதைக் கண்டு மனம் வெறுத்தார். பணிப்பெண்ணின் துணையுடன் இரண்டு கைக்குட்டைகளையும் சிறிது ரிப்பனையும் சேர்த்துத் தைத்துக்கொண்டார். அதற்கு 1914 நவம்பர் 3ஆம் நாள் காப்புரிமை கிடைத்தது. பிறகு அதனை 1,500 டாலருக்கு அந்த வார்னர் நிறுவனத்துக்கே விற்றுவிட்டார்.

முதல் உலகப் போரின்போது, 1917இல், அமெரிக்கப் பெண்கள் கார்செட் வாங்குவதைக் குறைத்ததனால் 28,000 டன் உலோகம் மிஞ்சியது என்றும், அது இரண்டு போர்க்கப்பல்களுக்குப் போதும் என்றும் பல நூல்கள் எழுதுகின்றன. அக்காலத்து 'நியூயார்க்' வகை அமெரிக்கப் போர்க்கப்பல் ஒன்றே 27,000 டன் எடை கொண்டது. இரண்டு என்ற கணக்கைத் தேர்வுத்தாளில் எழுதினால் நான் மதிப்பெண் கொடேன். ஆயினும் போர் உலோகத்தைக் கேட்டது என்பது உண்மை. இரண்டாம் உலகப் போரிலும் இதுவே நிகழ்ந்தமையால், வளைந்த எஃகுக் கம்பி வைத்த பிரா பரவலானது 1950களில்தான். இடையில் ஒரு வேடிக்கை. விமானம் கட்டிய ஹோவர்டு ஹியூஸ், தாம் எடுத்த 'தி அவுட்லா' படத்தின் நடிகை ஜேன் ரசலுக்காகப் பாலம் கட்டும் நெறியில் கம்பி வைத்த பிரா ஒன்றை வகுத்தார். அது உறுத்தியதனால் தாம் அணியவேயில்லை என்றும், ஹியூஸ் அதனை அறியவில்லை என்றும் அந்நடிகை 1985இல் தம் வரலாற்றில் எழுதினார். அணிபவரைக் கேளாமல் வகுத்த திட்டத்தின் கதி அது!

இன்றைய கம்பி ஏன் வெளிவருகிறது? கம்பியின் இரு முனைகளிலும் நைலான் பூச்சு இருக்கும். அது தேய்ந்தால் வெறும் எஃகு துணியை அறுக்கும். அடிப்பட்டை தளர்வாக இருந்தால் கம்பி இடம்பெயர்ந்து உராயும். கிண்ணம் சிறிதாக இருந்தால் கம்பி வெளிப்புறமாக விரிந்து நெளியும். ஆதலால் சரியான அளவு வாங்குவதே முதற்காப்பு. முறுக்கிப் பிழிவது அடுத்த பகை. கொண்டை ஊசியை ஒரே இடத்தில் பலமுறை மடக்கினால் முறிவதுபோல், கம்பியும் முறியும். கையால் அலசி, இரு உள்ளங்கைகளுக்கிடையே அமுக்கி நீரை வடித்து நிழலில் உலர்த்த வேண்டும். இயந்திரத்தில் இடுவதானால் கொக்கியை மாட்டி, வலைப்பைக்குள் இட வேண்டும். சூடான உலர்த்தி எலாஸ்டிக்கைக் கெடுக்கும். எலாஸ்டிக் தளர்ந்தால் கம்பியின் பாடும் திண்டாட்டமே. ஒன்றையே நாள்தோறும் அணியாமல் மாற்றி அணிந்தால் எலாஸ்டிக் மீள அவகாசம் கிடைக்கும்.

முனை வெளிவந்துவிட்டால், முதலில் கம்பி முழுமையாக உள்ளதா என்று தடவிப் பாருங்கள். முழுமையாக இருந்தால், கூர்மையை நக அரத்தால் தேய்த்து, மின்பணியாளர் பயன்படுத்தும் சூட்டில் சுருங்கும் பிளாஸ்டிக் குழாயில் சிறு துண்டு வெட்டி முனையில் மாட்டலாம். கம்பியைத் துணியிலிருந்து முன்னரே வெளியே இழுத்துவிட்டுத்தான் சூடு காட்ட வேண்டும். பின்பு கம்பியைப் பட்டிக்குள் தள்ளி, முனைக்கப்பால் ஏறத்தாழ அரை சென்டிமீட்டர் இடம் விடுங்கள். இடமே இல்லாமல் தைத்தால் அடுத்த வாரமே மறுபடியும் துளைக்கும். இரட்டை நூல் கோத்து, காஜா எடுப்பதுபோல் நெருக்கமாக, பட்டியின் எல்லா அடுக்குகளையும் பிடித்துக் குறுக்கே தையுங்கள். அதன்மேல் மென்மையான பருத்தி நாடாவை இரண்டாக மடித்து ஒட்டுப் போட்டுவிடலாம். நூறாண்டுக்கு முன் கார்செட் முனையில் போட்ட தையலும் இதுவே. பசை ஒட்டுவது துவைக்கும் வரைக்குத்தான்.

கம்பி முறிந்திருந்தால் தையல் உதவாது. முறிந்த துண்டுகளை எடுத்துவிட்டு, பழைய உடுப்பொன்றிலிருந்து அதே அளவுள்ள கம்பியை மாற்றலாம். கிடைக்காவிடில் மற்றப் பக்கத்துக் கம்பியையும் உருவிவிடுங்கள். ஒரு பக்கம் மட்டும் கம்பி இருந்தால் இழுவை கோணலாகும். 1980களில் ஜப்பானியர், நிக்கலும் டைட்டானியமும் கலந்து, வளைத்தாலும் பழைய வடிவுக்கு மீளும் உலோகத்தால் கம்பி செய்தனர். அக்கலப்பை முதலில் உருவாக்கியது அமெரிக்கக் கடற்படையின் ஆய்வுக்கூடம். அக்கம்பி நெளிவதில்லை, ஆனால் அதன் முனையும் துணிப்பட்டிக்குள்தான் இருக்கிறது, அந்தப் பட்டியை மூடுவதும் நூல்தான். உருவிய எஃகுத் துண்டுகளை வாசலில் எறியாமல் காகிதத்தில் சுற்றிப் பழைய இரும்புக்காரரிடம் போடுங்கள்.