பிள்ளை யார் சாயல்?



ஒரு வீட்டில் குழந்தை பிறந்துவிட்டால், ஏழாம் நாள் அகீகாவுக்கு முன்பே மூக்கு யாருடையது, நெற்றி யாருடையது என்ற பங்கீடு முடிந்துவிடும். வாப்பாவின் சாயல் என்பார் ஒருவர்; நன்னியை உரித்து வைத்திருக்கிறது என்பார் மற்றொருவர். இதில் குற்றமில்லை. ஆனால், "நம் குடும்பத்தில் யாருக்கும் இந்த நிறம் இல்லையே" என்று ஒருவர் தொடங்கும்போது, பிரசவக் களைப்பு நீங்காத அத்தாயின் முகம் வாடிவிடுகிறது.

மதீனாவிலும் இத்தகைய பேச்சு எழுந்தது. அதற்கு இலக்கானவர், நபி (ஸல்) அவர்களின் அன்புக்குரிய உஸாமா (ரலி) அவர்கள். தந்தை ஸைத் இப்னு ஹாரிஸா (ரலி) வெண்ணிற மேனியர். மகனோ நல்ல கறுப்பு. தாயார் உம்மு அய்மன் (ரலி) அபிசீனிய வம்சத்தவர். தாயின் நிறம் மகனுக்கு வருவதில் வியப்பென்ன? ஆயினும் வம்பு பேசுவோர் அவருடைய வம்சத்தையே ஐயுற்றனர்.

அக்கால அரபுகளிடையே, உறுப்புகளின் அமைப்பைக் கண்டு வம்சம் கூறும் 'கியாஃபா' என்ற கலை இருந்தது. அதில் பெயர் பெற்றவர்கள் பனூ முத்லிஜ் கோத்திரத்தார். அவர்களுள் ஒருவரான முஜஸ்ஸிஸ் ஒருநாள் வந்தபோது, தந்தையும் மகனும் ஒரே போர்வைக்குள் படுத்திருந்தனர். தலைகள் மூடியிருந்தன, பாதங்கள் மட்டுமே வெளியே தெரிந்தன. ஒரு ஜோடி கறுப்பு, மற்றது வெளுப்பு. அவரோ, இப்பாதங்கள் ஒன்றிலிருந்து மற்றொன்று வந்தவை என்று கூறிவிட்டார்! நபி (ஸல்) அவர்கள் முகம் மலர ஆயிஷா (ரலி) அவர்களிடம் வந்து இதைத் தெரிவித்தார்கள். அவர்களுக்கு ஐயம் இருந்ததில்லை. பழித்தவர்கள் நம்பிய கலையே பழித்தவர்களின் வாயை அடைத்தது என்பதே அம்மகிழ்ச்சிக்குக் காரணம். (தகப்பன் யார் என்ற வழக்கில் கியாஃபாவை ஷாஃபிஈ மத்ஹபு சான்றாக ஏற்கிறது, ஹனஃபி மத்ஹபு ஏற்பதில்லை.) அந்த உஸாமாவையே, இருபது வயதை எட்டும் முன்னர், ஹிஜ்ரி 11இல் (கி.பி. 632) ஷாம் நோக்கிய படைக்குத் தளபதியாக்கினார்கள்.

மற்றொரு நிகழ்ச்சி. தன் மனைவி கறுப்பு நிறத்தில் ஆண்மகவு ஈன்றிருப்பதாக, பனூ ஃபஸாராவைச் சேர்ந்த ஒரு கிராமவாசி உள்ளத்தில் ஐயத்தோடு வந்து முறையிட்டார். நபி (ஸல்) அவர்கள் அவருடைய ஒட்டகங்களின் நிறத்தைக் கேட்டார்கள். சிவப்பு என்றார். சாம்பல் நிறத்தில் ஏதேனும் உண்டா? உண்டு. அது எங்கிருந்து வந்தது? பழைய வேர் ஏதோ இழுத்திருக்கலாம் என்றார் அவர். உம் மகனையும் அவ்வாறே ஒரு வேர் இழுத்திருக்கலாமே என்று விளக்கினார்கள். பிள்ளையை மறுக்க அவருக்கு அனுமதி கிடைக்கவில்லை. பட்டாணிச் செடிகளில் ஒரு தலைமுறையில் மறையும் பண்பு அடுத்ததில் வெளிப்படுவதை மெண்டல் எடுத்துரைத்தது 1865இல். இரண்டையும் ஒன்றென்று அடித்துப் பேச நான் முனையவில்லை; ஒட்டகம் மேய்த்தவருக்கு அன்று அந்த வேரே போதுமானதாயிருந்தது.

சாயல் பார்ப்பதே தவறோ என்று எண்ண வேண்டாம். நபி (ஸல்) அவர்களின் மறைவுக்குப் பின், கலீஃபா அபூபக்ர் (ரலி) அவர்கள் அஸர் தொழுகை முடித்து வெளியே வருகையில், சிறுவர்களோடு விளையாடிக்கொண்டிருந்த ஹஸன் (ரலி) அவர்களைக் கண்டார்கள். தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு, இவர் நபியின் சாயல், அலீயின் சாயல் அல்ல என்று சொன்னார்கள். அருகில் நின்ற தந்தை அலீ (ரலி) அவர்கள் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.