டிவி பொத்தானில் ஓர் இடம்

1990களின் தொடக்கத்தில் ஜொகூர் வீடுகளில் எனக்குப் பழக்கமான விளையாட்டுப் பெட்டி 'மைக்ரோ ஜீனியஸ்'. 1983 ஜூலையில் நிந்தெண்டோ ஜப்பானில் வெளியிட்ட ஃபேமிகாமை ஒத்து அது தைவானில் செய்யப்பட்டது. அதே 60 முள் கேசட் இதிலும் பொருந்தும்.

ஜப்பான் அசலை இங்கே நேராகச் செருக முடியாது. அங்கே 100 வோல்ட், இங்கே அப்போது 240. தொலைக்காட்சி முறையும் அங்கே என்டிஎஸ்சி, இங்கே பால். மின்சாரத்தைச் சரிக்கட்டினாலும் படம் நிறமிழந்து உருளும். தைவான் பெட்டி பால் முறைக்கே தயாராகி வந்தது. அது பரவியதற்கு விலை மட்டும் காரணமில்லை, இதுவும்தான் என்பது என் கணிப்பு.

கூலாயில் எங்கள் வீட்டில் மாமாதான் பூட்டினார். ஏரியல் வயரைக் கழற்றி, பெட்டியின் வயரை அந்தத் துளையில் செருகினார். தென் ஜொகூருக்கென்று ஒரு சிக்கல் இருந்தது: ஆர்டிஎம்மின் இரண்டு சேனல்கள், டிவி3, கூடவே சிங்கப்பூரின் 5, 8, 12. பொத்தான்கள் ஏறக்குறைய நிரம்பியிருந்தன. கடைசிப் பொத்தானை அமுக்கி, அதற்குரிய சிறு திருகை விரல் நுனியால் மெல்லத் திருப்பினார்.

"வந்துருச்சா பாருடா!"

"வந்துருச்சு மாமா, கலர்தான் இல்ல."

இன்னும் ஒரு மயிரிழை. நீல வானம் தெரிந்தது.

பிறகு ஏரியல் துளைக்குப் பதிலாக மஞ்சள், வெள்ளை, சிவப்பு வயர்கள் வந்தன. இப்போது எச்டிஎம்ஐ ஒன்றே போதும்.

மலேசியாவில் அனலாக் ஒளிபரப்பு 2019 அக்டோபர் 31-இல் முற்றாக நின்றது. ஆனாலும் அனலாக் டியூனர் உள்ள டிவியில் பழைய பெட்டி இன்றும் ஓடும். தூக்கிப் போட்டுவிடாதீர்கள், அடாப்டரின் வோல்ட்டையும் முனையையும் பார்த்துவிட்டுச் செருகுங்கள்.