உறங்குபவனை அடிக்கலாமா?

செங்கற்பட்டிலிருந்து திருக்கழுக்குன்றம் வழியாக மாமல்லபுரம் போகும்போதெல்லாம், கடற்கரைக் கோயிலுக்கு முன்னால் நான் போய் நிற்கும் இடம் ஒன்று உண்டு. கலங்கரை விளக்கத்துக்கு அருகே பாறையில் குடைந்த மகிஷாசுரமர்த்தினி மண்டபம் அது. 7-ஆம் நூற்றாண்டுப் பல்லவச் சிற்பிகள் அங்கே எதிரெதிர்ச் சுவர்களில் இரண்டு காட்சிகளைச் செதுக்கியிருக்கிறார்கள்.

வலப்புறத்தில் சிங்கத்தின் மேல் அமர்ந்த தேவி வில்லை ஏந்திப் போர் புரிகிறாள். எருமைத் தலை அசுரன் கதாயுதத்தைப் பற்றியபடி பின்வாங்குகிறான். அவனிடமும் ஆயுதம் இருக்கிறது. அவன் கண்ணும் திறந்திருக்கிறது. ஆகவே அது போர். இடப்புறத்திலோ திருமால் பாம்பணையில் துயில்கிறார். அவருடைய காலடியில் மது, கைடபன் என்ற இரு அசுரர்கள் தாக்கும் எண்ணத்தோடு நிற்கிறார்கள். இதைப் போர் என்று சொல்ல எனக்கு நா எழுவதில்லை. உலகளந்தவனே ஆனாலும், உறங்கும் வேளையில் காப்பற்றவன்தானே!

இந்த வேறுபாட்டை நம் முன்னோர் அறிந்திருந்தார்கள். புறநானூற்றின் 9-ஆம் பாட்டில் நெட்டிமையார், பாண்டியன் முதுகுடுமிப் பெருவழுதியைப் போற்றுகிறார். அம்பு விடுமுன், பசுக்களும் பார்ப்பனரும் பெண்டிரும் பிணியாளரும் புதல்வரைப் பெறாதவரும் அரண் தேடிக்கொள்ளட்டும் என்று அறிவிப்பவனாம் அவன். பாரதத்தின் கதாயுத்தத்துக்கும் ஒரு விதி: நாபிக்குக் கீழே அடிக்கலாகாது. பீமன் துரியோதனனைத் தொடையில் அடித்தான். பலராமர் கலப்பையை ஓங்கிக்கொண்டு எழுந்தார். அன்றிரவே அசுவத்தாமன் பாசறையில் உறங்கியவர்களைக் கொன்றான். ஒரு விதி உடைந்தபின் அடுத்த விதி எத்தனை நாழிகை நிற்கும்?

போர்க்களத்தை விட்டு விளையாட்டுக் களத்துக்கு வருவோம். அமெரிக்கர்களின் ஃபுட்பால் நம் கால்பந்து அல்ல; பந்தைக் கையில் ஏந்தி ஓடுகிறவனை மோதிச் சாய்க்கும் முரட்டு ஆட்டம். அதில் இளைஞர்கள் மாண்டுகொண்டிருந்த 1905-ல், ஜனாதிபதி தியோடர் ரூஸ்வெல்ட் கல்லூரிப் பிரதிநிதிகளை வெள்ளை மாளிகைக்கு அழைத்துப் பேசினார். மறு ஆண்டு, பந்தை முன்னோக்கி எறியலாம் என்று விதி வந்தது. நெருக்கித் தள்ளும் கூட்டத்தைக் கலைக்க அது ஒரு வழி. ஆனால் அந்தப் பந்தைப் பிடிக்க ஒருவன் எம்பும்போது, அவன் கண் பந்தின் மேல் இருக்கிறது. இரண்டு கைகளும் வானத்தில் இருக்கின்றன.

1978-ல் டாரில் ஸ்டிங்லி என்ற ஆட்டக்காரர் பந்துக்குக் கை நீட்டிய கணத்தில் ஜாக் டாட்டம் மோதினார். ஸ்டிங்லியின் கழுத்து முறிந்து, கைகால்கள் முடங்கின. 2007-ல் அவர் காலமானார். அன்று அந்த மோதலுக்குத் தண்டனை எதுவும் விதிக்கப்படவில்லை. அது விதிக்கு உட்பட்ட அடி! இன்று அப்படிப்பட்டவனின் தலையிலோ கழுத்திலோ மோதினால் 15 கெஜம் தண்டனை. ஆனால் அவனே பந்தைப் பிடித்துக் காலூன்றித் தன்னைக் காத்துக்கொள்ளும் நிலைக்கு வந்துவிட்டால், அந்தக் காப்பு நீங்கிவிடுகிறது. விதி ஆளைப் பார்க்கவில்லை, கணத்தைப் பார்க்கிறது.

நம் சடுகுடுவும் இதை அறியும். பாடிப் போகிறவன் தனியன். எதிரே ஏழு பேர் வரை நிற்பார்கள். அவனைப் பிடிக்கலாம், சாய்க்கலாம். வாயைப் பொத்தியோ கழுத்தை நெரித்தோ பாட்டை நிறுத்தக் கூடாது.

பள்ளி நாளில் செங்கற்பட்டில் நடந்த ஓர் ஆட்டத்தில், கீழே கிடந்த பையனின் வாயை நான் பொத்தினேன். நடுவர் பார்க்கவில்லை. நாங்கள் ஜெயித்தோம். அவன் எழுந்து உட்கார்ந்து, இருமியபடியே என்னைப் பார்த்தான். ஒரு வார்த்தை சொல்லவில்லை. வைதிருந்தால் நான் என்றோ மறந்திருப்பேன்.

மண்டபத்து அசுரர்களின் அடி 1,300 ஆண்டுகளாக விழவில்லை. சிற்பி அவர்களைக் கல்லிலேயே நிறுத்திவிட்டான். கல்லாகாத மனிதனின் கையை நிறுத்துவதற்குத்தான் விதி வேண்டியிருக்கிறது. ஒவ்வொரு முறையும் இடப்புறச் சுவருக்கு முன்னால்தான் நான் அதிக நேரம் நிற்கிறேன். துயிலும் பெருமாளைவிட அந்த இருவரின் முகங்களே எனக்குப் பழக்கமானவையாகத் தோன்றுகின்றன.