ஆர்க்கன்: வங்கிக் கொள்ளையன் தளபதியான கதை

யூகோஸ்லாவியா சிதறிய 1990களில் 'ஆர்க்கன்' என்ற பெயரைக் கேட்டு பொஸ்னிய முஸ்லிம்கள் ஊரைவிட்டே ஓடினர். சேர்பியர் பலருக்கோ அது ஒரு வீரனின் பெயர்.

ஷெல்கோ ரஷ்னாட்டோவிச் என்பது இவரது இயற்பெயர். 1952 ஏப்ரல் 17 இல், விமானப்படை அதிகாரி ஒருவரின் மகனாகப் பிறந்தவர். 1970களில் மேற்கு ஐரோப்பிய நாடுகளில் வங்கிகளைக் கொள்ளையடித்தார். 1979 இல் பெல்ஜியச் சிறையிலிருந்தும் 1981 இல் நெதர்லாந்துச் சிறையிலிருந்தும் தப்பினார். சர்வதேசப் பொலிஸார் தேடிய இம்மனிதர் 1980களில் பெல்கிரேட் நகரில் பகிரங்கமாகவே நடமாடினார். யூகோஸ்லாவிய இரகசியப் பொலிஸாருடன் இவருக்கு இருந்த உறவை அறிந்தோருக்கு இதில் வியப்பில்லை.

ரெட் ஸ்டார் உதைபந்தாட்டக் கழகத்தின் முரட்டு ரசிகர்களுக்குத் தலைவரான ஆர்க்கன், 1990 ஒக்டோபரில் அவர்களிலிருந்தே ஆள்சேர்த்து 'சேர்பியத் தொண்டர் காவல்படை'யை அமைத்தார். அப்படை 'புலிகள்' என்றே அழைக்கப்பட்டது. (நம் நாட்டு இயக்கத்துக்கும் அதற்கும் பெயரைத் தவிர வேறு தொடர்பு கிடையாது.) உடுப்பிட்டியிலோ மூதூரிலோ வாழும் வாசகர்களுக்குத் துணை இராணுவக் குழு என்றால் என்னவென்று நாம் விளக்கத் தேவையில்லை. அரசு தன் கையால் செய்யத் தயங்குவதை இத்தகையோர் செய்வர். கேள்வி எழுந்தால் அவர்களை யாரென்றே தெரியாது என அரசு கூறிவிடும்.

1992 ஏப்ரல் தொடக்கத்தில் பொஸ்னியாவின் பியெலினா நகருக்குள் அப்படை புகுந்தது. குறைந்தது 48 பொதுமக்கள் கொல்லப்பட்டனர், பெரும்பாலானோர் முஸ்லிம்கள். வீதியில் விழுந்துகிடந்த பெண்ணொருத்தியை, தலைமேல் கறுப்புக் கண்ணாடியும் விரலிடையே சிகரெட்டுமாக ஒரு படையாள் காலால் உதைக்கும் காட்சியை அமெரிக்கப் புகைப்படக் கலைஞர் ரொன் ஹவிவ் படமாக்கினார். உலகமே அப்படத்தைப் பார்த்தது. ஆனால் அதே ஆண்டு டிசெம்பரில் ஆர்க்கன் சேர்பிய நாடாளுமன்ற உறுப்பினராகத் தெரிவானார்!

1995 பெப்ரவரியில் புகழ்பெற்ற பாடகி செட்சாவை மணந்தார். தொலைக்காட்சியில் ஒளிபரப்பான அத்திருமணத்தைச் சேர்பிய மக்கள் அரச குடும்பத்து விழாவைப் போலக் கண்டுகளித்தனர். ஏழு மாதங்களின் பின், செப்டெம்பரில், சன்ஸ்கி மோஸ்ட் பகுதியில் சேர்பியரல்லாத ஆண்கள் பலரை இவரது ஆட்கள் கொன்றனர். மணவிழாவை நினைவில் வைத்திருந்த பெல்கிரேட் பத்திரிகைகளுக்கு இக்கொலைகள் பெரிய செய்தியாகவில்லை. பின்னர் இவர் வாங்கிய ஒபிலிச் கழகம் 1998 இல் நாட்டின் உதைபந்தாட்டச் சம்பியனானது.

ஹேக் நகரிலுள்ள சர்வதேசக் குற்றவியல் தீர்ப்பாயம் 1997 இல் தயாரித்த குற்றப்பத்திரம் 1999 மார்ச்சில்தான் பகிரங்கமானது. 2000 ஜனவரி 15 அன்று பெல்கிரேட் ஹொட்டேல் ஒன்றின் முன்கூடத்தில் ஆர்க்கன் சுட்டுக்கொல்லப்பட்டார். அத்துடன் வழக்கும் முடிந்தது. யார் ஆயுதம் தந்தார், யார் கட்டளையிட்டார் என்பவற்றை அவர் வாயால் கேட்கும் வாய்ப்புப் பாதிக்கப்பட்டோருக்குக் கிட்டவேயில்லை.

சேர்பிய அரச பாதுகாப்புச் சேவையின் தலைவராக இருந்த ஜோவிட்சா ஸ்ரானிஷிச்சுக்கும் அவரது சக அதிகாரி பிராங்கோ சிமாட்டோவிச்சுக்கும் மேன்முறையீட்டில் தலா 15 ஆண்டுச் சிறை விதிக்கப்பட்டபோது 2023 மே மாதம். பியெலினாவில் ஏப்ரல் பிறந்து 31 ஆண்டுகள் கடந்திருந்தன.