பாசியா, பாக்டீரியாவா?

பங்சாரில் மழை விட்ட மறுநாள் சிமெண்டுப் படியில் கால் வழுக்குதே, அந்தக் கறுப்புப் படலத்தைக் கொஞ்சம் சுரண்டி நுண்ணோக்கியில் வைத்துப் பாருங்கள். பெரும்பாலும் மணி கோத்தாற்போல இழைகள் தெரியும். அதுதான் நீலப்பச்சைப் பாசி. மாணவர்கள் பலர் இதைத் 'தாவரம்' என்று எழுதிவிடுகிறார்கள். அவர்களை மட்டும் குறை சொல்ல முடியாது, பெயரிலேயே பாசி இருக்கிறதே!

ஒரு காலத்தில் அறிஞர்களும் அப்படித்தான் வகுத்தார்கள். இந்தியாவில் பாசியியலுக்கு அடித்தளமிட்டவர் எம். ஓ. பி. ஐயங்கார் (1886–1963). மெட்ராஸ் பல்கலைக்கழகத் தாவரவியல் ஆய்வுக்கூடத்தை நடத்தியவர். அவருடைய மாணவர் டி. வி. தேசிகாச்சாரி 1959-இல் 'சயனோஃபைட்டா' என்ற நூலை வெளியிட்டார். 700 பக்கத்துக்குக் கிட்ட வரும். இழை எவ்வளவு அகலம், உறை உண்டா, செல்கள் எப்படி அடுக்கப்பட்டுள்ளன, தடித்த சுவருள்ள தனிச் செல் எந்த இடத்தில் இருக்கிறது என்று இனம் இனமாக விவரித்த நூல் அது. எல்லாம் ஒளி நுண்ணோக்கியில் தெரிகிற அடையாளங்கள்.

மூன்றே ஆண்டில் நிலைமை மாறியது. 1962-இல் ஸ்டேனியரும் வான் நீலும் மின்னணு நுண்ணோக்கிச் சான்றுகளையும் வைத்துப் பாக்டீரியா என்றால் என்ன என்று புதிதாக வரையறுத்தார்கள். நீலப்பச்சைப் பாசிக்குச் சவ்வு சூழ்ந்த உட்கரு கிடையாது. பசுங்கணிகம் கிடையாது, ஒளிச்சேர்க்கை நடக்கும் தைலக்காய்டுகள் செல்லுக்குள் அப்படியே கிடக்கின்றன. செல்சுவரும் பாக்டீரியா வகைதான். ஆக, 'பாசி' என்ற பெயர் வெளித்தோற்றத்தைப் பார்த்து வைத்தது. இன்றைய பெயர் சயனோபாக்டீரியா.

அப்படியென்றால் 1959-ஆம் ஆண்டு நூல் வீணா? இல்லவே இல்லை. இனம் அடையாளம் காண ஆய்வாளர்கள் அதை இன்னும் புரட்டுகிறார்கள். வகைப்பாட்டின் தலைப்பு மாறியதே தவிர, கண்ணால் பார்த்துப் பதிந்த விவரம் பொய்யாகவில்லை.

அந்தத் தனிச் செல்லையே எடுத்துக்கொள்ளுங்கள். அதன் பெயர் ஹெட்டிரோசிஸ்டு. அது எதற்கு என்று வெகுகாலம் தெரியவில்லை. நெல்வயலில் உரம் போடாமலே நைட்ரஜன் சேர்வதில் இந்தப் பாசிகளுக்குப் பங்குண்டு என்று பி. கே. டே 1939-இலேயே எழுதியிருந்தார். ஆனால் அந்த வேலை நடக்கும் இடம் ஹெட்டிரோசிஸ்டுதானோ என்ற கேள்வியை ஃபே, ஸ்டூவர்ட் முதலானோர் 1968-இல்தான் நேரடியாக எழுப்பினார்கள். நைட்ரஜனை நிலைப்படுத்தும் நைட்ரஜனேஸ் நொதி ஆக்சிஜன் பட்டால் கெட்டுப்போகும். பக்கத்துச் செல்கள் ஒளிச்சேர்க்கையில் ஆக்சிஜன் விடுகின்றன, ஹெட்டிரோசிஸ்டு விடுவதில்லை. தடித்த சுவரும் வெளி ஆக்சிஜனைத் தடுக்கிறது.

படம் வரையும் மாணவர்கள் கவனிக்க: ஹெட்டிரோசிஸ்டின் சுவரைத் தடிப்பாகக் காட்டுங்கள். இழையின் நடுவில் இருந்தால் இரு முனையிலும் முடிச்சு, இழையின் நுனியில் இருந்தால் ஒரு முனையில் மட்டும்.