ஓக் மரத்தில் மாட்டிய உடை

கிரேக்கத்தின் ஆர்கேடியா மலைநாட்டில் அந்தஸ் என்றொரு குலம். அக்குலத்தில் சீட்டுப் போட்டு ஒருவனைத் தேர்ந்தெடுத்து ஏரிக்கரைக்கு அழைத்துப் போவார்களாம். அவன் உடையைக் களைந்து ஓக் மரத்தில் மாட்டிவிட்டு, நீந்தி அக்கரை சேர்ந்து ஓநாயாகிவிடுவான். ஒன்பது ஆண்டுகள் மனிதரைத் தீண்டாமல் இருந்தால், அதே ஏரியை நீந்தித் திரும்பலாம். மனித உருவம் வரும். ஒன்பது வயது மூப்பும் கூடவே வரும். மாட்டிய உடை மரத்திலேயே இருக்கும். கி.பி. முதல் நூற்றாண்டில் இதை எழுதிவைத்த ரோமானியர் பிளினி, தாம் இதை நம்பவில்லை என்பதையும் சேர்த்தே எழுதினார்.

அதே நூற்றாண்டில் பெட்ரோனியஸ் எழுதிய 'சட்டிரிக்கான்' நூலில், ஒரு போர்வீரன் கல்லறைகளின் நடுவே உடையைக் களைந்து வழியோரம் வைக்கிறான். அதைச் சுற்றிச் சிறுநீர் கழிக்கிறான். ஓநாயாகி ஊளையிட்டுக் காட்டுக்குள் ஓடுகிறான். உடன் வந்தவன் அந்த உடையை எடுக்கப் போனால், அது கல்லாகிக் கிடக்கிறது! அன்றிரவு பண்ணையில் ஆடுகளைக் கடித்த ஓநாயின் கழுத்தில் ஓர் அடிமை ஈட்டியைப் பாய்ச்சுகிறான். விடிந்து பார்த்தால், போர்வீரன் படுக்கையில் கிடக்கிறான். மருத்துவர் அவன் கழுத்துக்குக் கட்டுப் போட்டுக்கொண்டிருக்கிறார். கதையில் நிலா உண்டு. ஆனால் அது வழிக்கு வெளிச்சம் காட்டும் நிலா. ஆளை மாற்றும் வேலை அதற்கு இல்லை.

பன்னிரண்டாம் நூற்றாண்டில் மரீ த பிரான்ஸ் என்ற பெண் கவிஞர் பாடிய 'பிஸ்க்லாவ்ரே' கதையில் சோகம் கூடுகிறது. வாரத்தில் மூன்று நாள் ஓநாயாகும் ஒரு பிரபு, உடையை ஒளித்துவைக்கும் இடத்தை மனைவியிடம் சொல்லிவிடுகிறான். அவள் ஆள் வைத்து அதைத் திருடிவிட, அவன் ஓநாயாகவே காட்டில் சிக்கிக்கொள்கிறான். உடை திரும்பக் கிடைத்த பிறகும், நாலு பேர் பார்க்க அவன் மாறுவதில்லை. அரசனின் அறையில் தனியே விட்டுக் கதவைச் சாத்திய பின்பே மனிதனாகிறான். அந்த வெட்கமே அவன் உள்ளுக்குள் மனிதனாக இருந்தான் என்பதற்குச் சாட்சி.

உடுத்துவது ஊரின் அடையாளம். களைந்தவன் ஊருக்கு வெளியே போனவன். வடதேசத்துப் பழைய மொழியான நார்ஸில் 'வர்கர்' என்ற ஒரே சொல் ஓநாயையும், சட்டம் ஊரைவிட்டு விலக்கிய குற்றவாளியையும் குறித்தது. அங்கே கழற்றுவதற்குப் பதில் போர்த்துவது வழக்கம்: வோல்சுங் கதையில் தந்தையும் மகனும் ஓநாய்த் தோலைப் போர்த்திக்கொண்டு, கழற்ற முடியாமல் தவிக்கிறார்கள்.

பதினாறாம் நூற்றாண்டில் இந்தக் கதை நீதிமன்றம் ஏறியது. இப்போது தோலும் கச்சையும் சாத்தான் தரும் பொருள்களாயின. ஜெர்மனியின் பெட்பர்க்கில் 1589-இல் பீட்டர் ஸ்டும்ப் என்பவர், சித்திரவதைக்கு அஞ்சி, சாத்தான் தந்த மந்திரக் கச்சையைக் கட்டி ஓநாயானதாக ஒப்புக்கொண்டார். கச்சையை வீசியதாக அவர் சொன்ன பள்ளத்தாக்கில் தேடிப் பார்த்தார்கள், எதுவும் அகப்படவில்லை. அதையும் சாத்தானே எடுத்துக்கொண்டான் என்று முடிவு கட்டி, அவரைச் சக்கரத்தில் கட்டிக் கொன்றார்கள். சான்று இல்லாததே சான்றாகிவிட்ட கொடுமை இது.

பிரான்சில் 1603-இல் ழான் கிரெனியே என்ற ஆடு மேய்க்கும் சிறுவன், காட்டின் பிரபு ஒருவர் தோலும் களிம்பும் தந்ததாகச் சொன்னான். போர்தோ நீதிமன்றம் அவனை எரிக்கவில்லை. கலங்கிய புத்தி என்று கண்டு மடத்தில் அடைத்துவைத்தது. சந்தேகம் மெல்ல வலுத்த காலம் அது. இன்றைய லாத்வியாவில் 1691-இல் விசாரிக்கப்பட்ட தீஸ் என்ற எண்பது வயது கடந்த கிழவரோ நீதிபதிகளையே திணறடித்தார். ஓநாய்மனிதர் கடவுளின் நாய்கள், நரகத்துக்குள் புகுந்து மந்திரவாதிகள் திருடிய விளைச்சலை மீட்டுவருபவர்கள் என்று கடைசிவரை சாதித்தார். கசையடியும் நாடுகடத்தலும் அவருக்குத் தண்டனையாகக் கிடைத்தன.

பௌர்ணமி நிலவு இக்கதைக்குள் இவ்வளவு அழுத்தமாக அமர்ந்தது ஹாலிவுட்டில். 1941-இல் வந்த 'தி வுல்ஃப் மேன்' படத்தில் வெள்ளிப் பிடி போட்ட கைத்தடியால் ஓநாய்மனிதன் சாகிறான். 1943-இல் வந்த அதன் தொடர்ச்சி, அவன் மாறும் இரவைப் பௌர்ணமி என்று உறுதி செய்தது. முதல் படத்தில் ஓநாய்மனிதனைப் பற்றி ஊரார் சொல்லும் நாலு வரிப் பாட்டு, நாஜிகள் ஆட்சிக்கு வந்தபோது ஜெர்மனியைவிட்டு வெளியேறிய யூதரான திரைக்கதையாசிரியர் கர்ட் சியோட்மாக் எழுதியது. அதை ஐரோப்பாவின் பழைய நாட்டுப்பாடல் என்றே ரசிகர்கள் பலர் நம்பினார்கள்.